பிராங்க் ஸ்விஃப்ட்: மயங்கி விழுந்த கோல்கீப்பர் பற்றிச் சில கேள்விகள்

இங்கிலாந்தின் மான்செஸ்டர் சிட்டி கால்பந்து கிளப்பின் பழைய கோல்கீப்பர் பிராங்க் ஸ்விஃப்ட் பற்றிக் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வந்த கேள்விகளில் பாதி லண்டன் வெம்பிளி மைதானத்தில் அவர் மயங்கி விழுந்ததைப் பற்றி, மீதி மியூனிக் விமான விபத்தைப் பற்றி. நடுவில் அவர் பந்து பிடித்த காலத்தை இரண்டு மூன்று பேராவது கேட்டிருக்கிறார்களே, அந்த மட்டுக்கும் சந்தோஷம்.

இங்கிலாந்து கோல்கீப்பர்களில் கோர்டன் பேங்க்ஸ் தெரியும், ஷில்டன் தெரியும். இவர் யார் சார்?

1913 டிசம்பர் 26 அன்று பிளாக்பூலில் பிறந்தவர். கடற்கரை ஊர். அண்ணன் ஃபிரெட்டும் கோல்கீப்பர்தான். பிராங்க் ஊரிலிருந்த எரிவாயு ஆலையில் வேலை பார்த்துக்கொண்டே பக்கத்து ஃபிளீட்வுட் அணிக்கு ஆடினார். 1932இல் சிட்டி அவரை எடுத்துக்கொண்டது. அதன்பின் 1949 வரை அந்த ஒரே கிளப்தான். ஆறடிக்கு மேல் உயரம், முறம் மாதிரி கைகள். விரல்களை விரித்தால் கிட்டத்தட்ட பன்னிரண்டு அங்குலம் வருமாம். 'பிக் ஸ்விஃப்டி' என்பது ரசிகர்கள் வைத்த பெயர்.

மயங்கி விழுந்தது நிஜமா, கட்டுக்கதையா?

நிஜம்தான். கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் எல்லோரும் மயக்கத்தை மட்டும் சொல்லிவிட்டுக் கையுறையை விட்டுவிடுகிறார்கள்.

1933 கிறிஸ்துமஸ் அன்று டெர்பி கவுண்டியுடன் அவருடைய முதல் மேட்ச். நாலு கோல் வாங்கினார், சிட்டி 4-1 என்று தோற்றது. மறுநாள் அவருக்கு இருபது வயது நிறைகிறது. அன்றைக்கே அதே டெர்பியுடன் சொந்த மைதானத்தில் ஆடி 2-0 என்று ஜெயித்தார்கள். நாலே மாதத்தில், 1934 ஏப்ரல் 28 அன்று, போர்ட்ஸ்மவுத்துடன் எஃப்.ஏ. கோப்பை ஃபைனல். இங்கிலாந்து கிளப்புகளின் பெரிய நாக்-அவுட் கோப்பை அது. முந்தைய வருஷ ஃபைனலை நண்பரோடு மோட்டார் சைக்கிளில் போய்ப் பார்வையாளராகப் பார்த்த பையன், இப்போது அதே வெம்பிளியில் கோல் கம்பத்தடியில் நிற்கிறான்.

மழை பெய்து புல் ஈரமாக இருந்தது. கையுறை போடலாமா வேண்டாமா என்று அவருக்குக் குழப்பம். எதிர்முனையில் போர்ட்ஸ்மவுத் கோல்கீப்பர் கில்ஃபில்லனைப் பார்த்தார். அந்த அனுபவசாலி வெறுங்கையோடு நின்றிருந்தார். சரி, நமக்கும் வேண்டாம் என்று கழற்றி வலைக்குள் போட்டுவிட்டார். அப்புறம் என்ன, போர்ட்ஸ்மவுத்தின் ரதர்ஃபோர்டு அடித்த பந்து விரல்களில் பட்டு வழுக்கிக்கொண்டு உள்ளே போனது. இடைவேளையில் உடைமாற்றும் அறையில் துவண்டு உட்கார்ந்திருந்தவரிடம், கவலைப்படாதே, அடுத்த பாதியில் நான் இரண்டு போடுகிறேன் என்றார் சென்டர் ஃபார்வர்ட் ஃபிரெட் டில்சன். சொன்ன மாதிரியே கடைசி இருபது நிமிடத்துக்குள் இரண்டு போட்டார்.

2-1. இன்னும் சில நிமிடங்கள் பாக்கி. கோலுக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த புகைப்படக்காரர்கள் மீதி நேரத்தைச் சத்தமாக எண்ண ஆரம்பித்துவிட்டார்கள். பையனுக்கு எப்படி இருந்திருக்கும்! விசில் ஊதியதும் வலைக்குள் கிடந்த தொப்பியையும், அந்தக் கையுறையையும் எடுக்கக் குனிந்தார். கைகுலுக்க வந்த சக ஆட்டக்காரர் மாட் பஸ்பியை நோக்கி ஓரிரு அடி வைத்தார். அவ்வளவுதான், விழுந்துவிட்டார். தெளிய வைத்து, தாங்கிப் பிடித்து மெடல் வாங்க அனுப்பினார்கள். ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் பிறகு மான்செஸ்டர் மேயர் வழியாகவும் பையனை நலம் விசாரித்தாராம்.

மாட் பஸ்பி என்ற பெயரை மட்டும் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். கடைசியில் வருவார்.

நானும் கோல்கீப்பர்தான் அண்ணா, மாவட்ட லீக் ஆடுகிறேன். அவர் ஆட்டத்தில் அப்படி என்ன புதுசு?

வாருங்கள் தம்பி, இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன்.

பந்தை எறிவது. இன்று உங்கள் பயிற்சியாளர் முதல் நாளே சொல்லித் தருவார். அந்தக் காலத்தில் கோல்கீப்பர் பந்தைப் பிடித்தால் கண்ணை மூடிக்கொண்டு ஓங்கி உதைப்பதுதான் வழக்கம். அது பாதி நேரம் எதிரணியிடமே போய்ச் சேரும். ஸ்விஃப்ட் அந்தப் பெரிய கையால் பந்தை ஒற்றைக் கையில் பற்றி, ஆளில்லாமல் நிற்கும் தன் அணிக்காரரைத் தேடி நீளமாக எறிவார். பந்து தோல் பந்து என்பதை மறந்துவிடாதீர்கள். மழையில் தண்ணீர் குடித்துக் கல்லாகக் கனக்கும். தடுப்பது முடிந்த கணத்தில் தாக்குதல் தொடங்க வேண்டும் என்பதை இங்கிலாந்தில் செய்து காட்டியவர்களில் அவர் முக்கியமானவர். என்னைக் கேட்டால் அவருடைய கோப்பைகளைவிட இதுதான் பெரிது.

இன்னொன்று. கையில் பந்தோடு நிற்கும் கோல்கீப்பரைத் தோளால் இடித்துத் தள்ள அன்று விதி அனுமதித்தது. மாற்று ஆட்டக்காரர் என்ற பேச்சே கிடையாது. 1948இல் ஸ்காட்லாந்துடன் கிளாஸ்கோவில் ஆடும்போது விலா எலும்பு முறிந்தும் கடைசிவரை நின்றார். மான்செஸ்டர் வந்து ரயிலை விட்டு இறங்கிய பிறகுதான் சுருண்டு விழுந்தார். இதை நீங்கள் பின்பற்ற வேண்டாம்.

சிட்டி சாம்பியன் ஆன அடுத்த வருஷமே கீழ் டிவிஷனுக்குப் போனது என்கிறார்களே, அப்போதும் இவர்தான் கோல்கீப்பரா?

இவர்தான். 1936-37இல் 42 லீக் மேட்சும் ஆடிச் சாம்பியன் பட்டம் வாங்கினார். 1937-38இல் அந்த டிவிஷனிலேயே அதிகமாக 80 கோல் போட்டும் சிட்டி இறங்கியது. வாங்கிய கோல் 77. இதற்கு விளக்கம் கேட்காதீர்கள், அது சிட்டியின் ராசி.

இவ்வளவு நல்ல ஆட்டக்காரர் இங்கிலாந்துக்கு 19 மேட்ச்தானா?

இரண்டாம் உலகப் போர். 1939இல் லீக் நின்றபோது அவருக்கு 25 வயது. மறுபடி தொடங்கியபோது 32. கோல்கீப்பருக்கு உச்சமான வயது முழுவதும் போய்விட்டது. போர்க்காலத்தில் இங்கிலாந்துக்கு ஆடிய மேட்ச்கள் கணக்கில் சேராது. முதலில் சிறப்புக் காவலராகப் போக்குவரத்தைச் சரிசெய்ய நிறுத்தினார்கள். வண்டிகள் நாலா பக்கமும் சிக்கிக்கொள்ள, நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள் என்று நடையைக் கட்டிவிட்டாராம். பிறகு ராணுவத்தில் உடற்பயிற்சி ஆசிரியர்.

ஆகவே அந்த 19ம் 1946 செப்டம்பருக்குப் பிறகு ஆடியவை. அதில் ஒன்று, 1948 மே 16, டூரின். இத்தாலிக்கு எதிராகக் கேப்டன் இவர்தான். 1873க்குப் பிறகு ஒரு கோல்கீப்பர் இங்கிலாந்துக்குக் கேப்டன் ஆனது அன்றுதான். மார்ட்டென்சன் ஒன்று, லாட்டன் ஒன்று, ஃபின்னி இரண்டு, 4-0. ஸ்கோரை மட்டும் பார்த்தால் சுலபம் போலத் தெரியும். நடுவில் இத்தாலி அலை அலையாக வந்தது, ஸ்விஃப்ட் நிறுத்தாவிட்டால் கதையே வேறு. அன்று எதிரில் ஆடியவர்களில் மட்சோலா உட்படப் பலர் டொரினோ அணிக்காரர்கள். அடுத்த மே மாதம் டூரின் பக்கத்து சூப்பர்கா குன்றில் மோதிய விமானத்தில் அந்த அணியே போய்விட்டது.

அவருக்குப் பின் சிட்டிக்கு யார் ஐயா?

பெர்ட் டிரவுட்மன். ஜெர்மன் பாராசூட் படை வீரர், போர்க்கைதியாக வந்து தங்கிவிட்டவர். 1949இல் அவரை எடுத்தபோது மான்செஸ்டரில் பெரிய எதிர்ப்பு கிளம்பியது. அவர் கதை தனியாக ஒரு நாள்.

மியூனிக் விமான விபத்தில் சிக்கியது மான்செஸ்டர் யுனைடெட் அணி. சிட்டிக்காரர் அந்த விமானத்தில் எப்படி?

நிருபராக. ஓய்வுக்குப் பிறகு 'நியூஸ் ஆஃப் தி வேர்ல்ட்' பத்திரிகைக்குக் கால்பந்து எழுதினார். 1958 பிப்ரவரி 5 அன்று பெல்கிரேடில் ரெட் ஸ்டாருடன் யுனைடெட் 3-3 என்று ஆடியதை எழுதப் போயிருந்தார். மறுநாள் திரும்பும் வழியில் எரிபொருளுக்காக மியூனிக்கில் இறங்கினார்கள். ஓடுபாதையில் உருகிய பனிச் சேறு. இரண்டு முறை கிளம்ப முடியவில்லை, மூன்றாவது முயற்சியில் விபத்து. மொத்தம் 23 பேர் இறந்தார்கள், அதில் எட்டுப் பேர் பத்திரிகையாளர்கள். ஸ்விஃப்ட்டை உயிரோடு வெளியே எடுத்தார்கள். மருத்துவமனைக்குப் போகும் வழியில் உயிர் போனது. வயது 44.

அதே விமானத்தில் இன்னும் இரண்டு கோல்கீப்பர்கள் இருந்தார்கள், யுனைடெட்டின் ஹாரி கிரெக்கும் ரே வுட்டும். இருவரும் பிழைத்தார்கள். கிரெக் உடைந்த விமானத்துக்குள் திரும்பப் போய் ஆட்களை வெளியே இழுத்துவந்தார்.

யுனைடெட்டின் மேனேஜரும் உள்ளே இருந்தார். பலத்த காயம், பல வாரங்கள் மியூனிக் மருத்துவமனையில் கிடந்து பிழைத்தார். வெம்பிளியில் கைகுலுக்க வந்த அதே மாட் பஸ்பி.

கடைசியாக ஒன்று. மழையில் கையுறை போடலாமா, வேண்டாமா?

போடுங்கள் தம்பி. எதிர்முனையைப் பார்க்காதீர்கள்.