குறும்படம் விசிட்டிங் கார்டா? (வாசகர் கடிதம்)

வணக்கம் அக்கா,

நான் சேலம் செவ்வாய்ப்பேட்டை. வயது 26. பிழைப்புக்குக் கல்யாண வீடியோ எடிட்டிங் செய்கிறேன், இதுவரை நான்கு குறும்படம் எடுத்திருக்கிறேன். கடைசிப் படம் என் அப்பாயியைப் பற்றியது. வீட்டில் உட்கார்ந்தபடியே கொலுசுக்கு வெள்ளி வளையம் கோக்கிற வேலை அவருக்கு. படம் 18 நிமிடம். 65,000 ரூபாய் செலவு, அதில் 40,000 என் மாமா கொடுத்தது. யூடியூபில் போட்டு எட்டு மாதம் ஆகிறது, மூவாயிரத்துச் சொச்சம் பேர்தான் பார்த்திருக்கிறார்கள். குறும்படம் என்பது விசிட்டிங் கார்டு, நல்லதாக இரண்டு எடுத்துக்கொண்டு சென்னைக்குப் போய்விடு என்கிறார்கள் நண்பர்கள். இன்னும் எத்தனை வருஷம் இப்படியே என்று அப்பா கேட்கிறார். என்னிடம் பதில் இல்லை. வேலையை விட்டுவிட்டுச் சென்னைக்குப் போகட்டுமா? குறும்பட இயக்குநர் என்று ஒரு வாழ்க்கை உண்டா, இல்லை சினிமாவுக்குள் கூப்பிடுகிற வரைக்கும் உட்கார்ந்திருக்கிற திண்ணைதானா? படத்தின் இணைப்பு வைத்திருக்கிறேன். பார்த்துவிட்டுத் திட்டினாலும் சரி.

கா.

அன்புள்ள தம்பி,

படத்தை மூன்று முறை பார்த்தேன். முதலில் படத்தைப் பற்றிப் பேசிவிடுகிறேன், ஏனென்றால் நீங்கள் கேட்ட எல்லாக் கேள்விக்கும் பதில் அதற்குள்ளேயே இருக்கிறது.

ஆறாவது நிமிடத்தில் ஓர் இடம். அப்பாயி தரையில் காலை நீட்டி உட்கார்ந்திருக்கிறார், மடியில் தாம்பாளம், சாமணத்தால் வளையத்தை ஒவ்வொன்றாக எடுத்து அடுத்ததில் மாட்டிக்கொண்டே வருகிறார். கண் அதில் இல்லை, விரலே பார்த்துக்கொள்கிறது. தெருவில் ஏதோ வண்டி வந்து நிற்கிற சத்தம். கை அப்படியே அந்தரத்தில் நிற்கிறது, சாமணத்தின் நுனியில் ஒரு வளையம் ஆடிக்கொண்டிருக்கிறது, முகம் வாசல் பக்கம் திரும்புகிறது. யாரை எதிர்பார்க்கிறார்? கூலி கொடுக்க வருகிற ஆளையா, பேரனையா, என்றோ போய்விட்ட யாரையோவா? நான் நாற்காலியில் முன்னுக்கு நகர்ந்துவிட்டேன். அங்கே வெட்டிவிட்டீர்கள். அந்தப் பார்வை இரண்டு வினாடிகூட இல்லை. அடுத்த ஷாட்டில் ட்ரோன் மேலே ஏறுகிறது, செவ்வாய்ப்பேட்டையின் மாடிகள் விரிகின்றன, வயலின் அழ ஆரம்பிக்கிறது.

ஏன் வெட்டினீர்கள் என்று நான் யோசித்துப் பார்த்தேன். நீங்கள் எடிட் செய்தபோது உங்கள் தோளுக்குப் பின்னால் சென்னைத் தயாரிப்பாளர் ஒருவர் நின்றுகொண்டிருந்தார், அதுதான் காரணம் என்று நினைக்கிறேன். பையனுக்கு ட்ரோன் ஷாட் வைக்கத் தெரிகிறது, மூடு பிடிக்கத் தெரிகிறது, கடைசியில் ஒரு திருப்பம் வைக்கத் தெரிகிறது என்று அவர் பாராட்ட வேண்டும். அதற்காக அப்பாயியின் முகத்தைப் பாதியில் நிறுத்திவிட்டீர்கள். கடைசித் திருப்பமும் அப்படி வந்ததுதான், அந்த மரணம் இந்தப் படத்துக்குத் தேவையே இல்லை. விசிட்டிங் கார்டு என்ற நினைப்பு உங்கள் மனதோடு நின்றிருந்தால் நான் ஒன்றும் சொல்லியிருக்க மாட்டேன். அது ஷாட்டுக்குள் வந்து உட்கார்ந்துவிட்டது, எனக்கு அதுதான் கவலை.

உங்கள் நண்பர்கள் சொல்வதில் பொய் எதுவும் இல்லை. 2009இல் கலைஞர் தொலைக்காட்சியில் நாளைய இயக்குநர் என்ற குறும்படப் போட்டி நிகழ்ச்சி தொடங்கியது, கார்த்திக் சுப்பராஜ், நலன் குமாரசாமி, பாலாஜி மோகன் எல்லாரும் அந்த வாசல் வழியாகத்தான் சினிமாவுக்குள் போனார்கள். சரியாக அந்தச் சமயத்தில்தான் முழு எச்.டி.யில் வீடியோ எடுக்கிற கேனான் ஃபைவ் டி மார்க் டூ மாதிரிக் கேமராக்கள் வாடகைக்குக் கிடைக்க ஆரம்பித்தன, அகலமாகத் திறக்கிற லென்ஸ் வைத்துப் பின்னணியை மங்கலாக்கினால் சினிமா மாதிரியே தெரிந்தது, நாங்கள் எல்லாரும் கிறுக்குப் பிடித்தது போல் எடுத்தோம். நானும் அந்தக் கூட்டத்தில் ஒருத்திதான். அன்றைக்கு அந்த வாசல் திறந்திருந்தது, வாசலில் நின்றவர்கள் குறைவு. இன்றைக்குக் கார்டு இல்லாத ஆளே கிடையாது. கார்டு நீட்டுவதற்காகவே எடுத்த படத்துக்கு, கார்டை யாரும் வாங்காவிட்டால் உயிர் இருப்பதில்லை, எடுத்தவரே அதைத் திரும்பப் பார்க்க மாட்டார். அதை நிறையப் பார்த்துவிட்டேன்.

குறும்படம் சின்னப் பிள்ளைகளின் வேலை என்றும் எண்ணாதீர்கள். சத்யஜித் ராய், பதேர் பாஞ்சாலியில் தொடங்குகிற அப்பு படங்கள் மூன்றையும் எடுத்து உலகமெல்லாம் பெயர் வாங்கிய பிறகு, 1964இல் பேச்சே இல்லாத ஒரு குறும்படம் எடுத்தார். மாளிகைக்குள் ஒரு பணக்காரப் பையன், வெளியே குடிசைப் பக்கம் ஓர் ஏழைப் பையன், நடுவில் ஒரு ஜன்னல். கால்மணி நேரம்தான். அதை இரண்டு மணி நேரத்துக்கு இழுத்தால் செத்துவிடும். சிறுகதைக்காரனிடம் போய் நாவல் எப்போது என்று கேட்கிற பழக்கம் நம்மிடம் இன்னும் போகவில்லை, அதே கேள்விதான் குறும்படக்காரர்களிடமும் வருகிறது.

ஜெர்மனியில் ஓபர்ஹவுசன் என்று ஓர் ஊர். நிலக்கரியும் எஃகுமாக வாழ்ந்த தொழிலாளர் ஊர், நம் இரும்பாலைப் பக்கத்துக்காரர்களுக்குப் புரிகிற மாதிரியான ஊர். 1954 முதல் அங்கே குறும்பட விழா நடக்கிறது. 1962இல் அந்த விழாவில்தான் 26 சினிமாக்காரர்கள் சேர்ந்து பழைய சினிமா செத்துவிட்டது என்று அறிக்கை விட்டார்கள். குறும்படத்தை முழுநீளப் படத்துக்கான பள்ளிக்கூடம் என்றுதான் அவர்களும் சொன்னார்கள், அதை மறைக்க மாட்டேன். ஆனால் அவர்கள் பெரிய படத்துக்குப் போய் அறுபது வருஷம் ஆன பிறகும் அந்த ஊரில் விழா நடக்கிறது, குறும்படத்தைக் குறும்படமாகப் பார்க்கிறவர்கள் இருக்கிறார்கள்.

சரி, பணம். உங்கள் அப்பா கேட்பது நியாயமான கேள்வி, அவர் மேல் வருத்தப்படாதீர்கள். பதினைந்து வருஷத்தில் பதினோரு படம் எடுத்திருக்கிறேன், குறும்படத்தில் இருந்து மட்டும் எனக்கு ஒரு மாத வாடகை வந்தது கிடையாது. என் வீட்டு அடுப்பு எரிவது கல்லூரிகளுக்குச் செய்து கொடுக்கிற படங்களாலும், மாணவர்களுக்கு நடத்துகிற பயிற்சி முகாம்களாலும், இப்போதும் வருஷத்துக்குப் பத்துப் பதினைந்து கல்யாண எடிட்டிங்காலும்தான். கல்யாண வீடியோவைக் குறைவாக நினைத்து எழுதியிருக்கிறீர்கள். தாலி கட்டுகிற அந்த ஒரு நொடியில் பெண்ணின் அம்மா எங்கே நிற்கிறார், யாரைப் பார்க்கிறார் என்று தேட எனக்குக் கற்றுக்கொடுத்தது அந்த வேலைதான். அதை விடாதீர்கள். ஆடியில் முகூர்த்தம் இருக்காது, மார்கழியிலும் இருக்காது. வருஷத்துக்கு இரண்டு மாதம் காலண்டரே உங்களுக்குப் படம் எடுக்க ஒதுக்கித் தருகிறது.

மாமா கொடுத்த 40,000 பற்றி ஒரு விஷயம், இதை யாரும் நமக்குச் சொல்லித் தருவதில்லை. 1957 பதிப்புரிமைச் சட்டப்படி ஒரு திரைப்படத்தின் ஆசிரியர், அதாவது முதல் உரிமைக்காரர், அதன் தயாரிப்பாளர், இயக்குநர் இல்லை. மாமா கைமாற்றாகக் கொடுத்தாரா, அன்பளிப்பாகவா, தயாரிப்பாளராகவா? உங்கள் டைட்டில் கார்டில் ‘தயாரிப்பு’ என்று மாமா பெயர் போகிறது. மாமாதானே என்று இருந்துவிடாமல், ஒரு பக்கத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டுக்கொள்ளுங்கள், உறவும் அதனால் நன்றாகவே இருக்கும். நான் பட்டுத் தெரிந்துகொண்டது இது. என் நான்காவது படத்தை ஒரு யூடியூப் சேனலுக்குக் கொடுத்தேன். நிறையப் பேர் பார்ப்பார்கள் என்ற ஆசையில் அவர்கள் நீட்டிய தாளைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டேன். படத்தின் பெயரை மாற்றி, நான் எடுக்கவே எடுக்காத காட்சி மாதிரி ஒரு முகப்புப் படம் வைத்து வெளியிட்டார்கள். இன்றைக்கு அந்தப் படத்தை என் சொந்தப் பக்கத்தில் போட எனக்கு உரிமை இல்லை. அதில் நடித்த அம்மா இறந்துவிட்டார். அவர் மகள் படம் வேண்டும் என்று கேட்டபோது அந்தச் சேனலின் இணைப்பைத்தான் அனுப்ப முடிந்தது.

விழாக்களுக்கு அனுப்புவது பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். யூடியூபில் முதலிலேயே போட்டுவிட்டால் சில விழாக்கள் எடுக்க மாட்டார்கள், அடுத்த படத்துக்கு முதலில் விழா, அப்புறம் யூடியூப் என்று வைத்துக்கொள்ளுங்கள். மாதாமாதம் விருது கொடுக்கிறோம் என்று கட்டணம் வாங்கிக்கொண்டு, போஸ்டரில் போட்டுக்கொள்ள இலைச்சின்னம் அனுப்புகிற இடங்களுக்கு ஒரு ரூபாய்கூடக் கட்டாதீர்கள். கேரள அரசின் சினிமா அமைப்பான கேரள சலச்சித்திர அகாதெமி 2008 முதல் திருவனந்தபுரத்தில் ஆவணப்பட, குறும்பட விழா நடத்துகிறது. படம் தேர்வானாலும் ஆகாவிட்டாலும் ஒரு தடவை ரயில் ஏறிப் போய்ப் பார்வையாளராக உட்காருங்கள். ஒரு நாளில் இருபது குறும்படம் பார்த்தால், எங்கே வெட்டக் கூடாது என்று உடம்புக்கே தெரிய ஆரம்பிக்கும். தேசிய விருதில் கதைப்படம் அல்லாத பிரிவுக்கு அனுப்ப நினைத்தால் தணிக்கைச் சான்றிதழ் வேண்டும், அதற்குத் தனியாகப் பணமும் நேரமும் ஒதுக்கிக்கொள்ளுங்கள்.

இனி ஏற்காட்டுக் கதை ஒன்று. காப்பிப் பழம் பறிக்கிற ஒரு பெண்ணைப் பற்றிப் படம் எடுக்கப் போனோம், டிசம்பர் மாதம். இரண்டு நாள் வாடகைக் கேமரா, நான்கு பேர், இருபது கொண்டை ஊசி வளைவும் ஏறி மேலே போனால் பனிமூட்டம். பத்தடிக்கு அப்பால் செடி தெரியவில்லை, சில்வர் ஓக் மரங்கள் அடிப்பாகம் மட்டும் நின்றன. நான் எழுதி வைத்திருந்ததெல்லாம் வெயிலில், சிவப்புப் பழம், பச்சை இலை, கீழே சேலம் ஊர் தெரிகிற பள்ளத்தாக்கு. முதல் நாள் முழுக்கக் காத்திருந்தோம். இரண்டாம் நாள் மத்தியானமும் மூட்டம் விலகவில்லை. பறித்த பழத்தை எடை போடுகிற கொட்டகைக்குள் குளிருக்காகப் போய் ஒதுங்கினோம். ஒவ்வொருவராக மூட்டையைக் கொண்டு வந்து தராசில் வைக்கிறார்கள், கங்காணி நோட்டில் எழுதுகிறார், இவர்கள் முள் எங்கே நிற்கிறது என்று பார்க்கிறார்கள். நாங்கள் படமெடுக்க வந்த பெண் மூட்டையை வைத்துவிட்டு, முள் நின்ற பிறகும் கையை மூட்டையின் மேலிருந்து எடுக்காமல் இருந்தார். அழுத்தவில்லை, சும்மா வைத்திருந்தார். நான்கு வினாடி, ஐந்து வினாடி. கங்காணி நிமிர்ந்து பார்த்ததும் எடுத்துக்கொண்டார். அன்றைக்கு அந்தக் கொட்டகைக்குள் மட்டுமே எடுத்தோம். ஒன்பது நிமிடப் படம், வெளியே ஒரு ஷாட்கூட இல்லை, வாசலில் வெள்ளையாக மூட்டம் மட்டும். நான் எடுத்ததில் அதுதான் உருப்படி என்று இன்றும் நினைக்கிறேன். தயாரிப்பாளர் வைத்து, கால்ஷீட் வாங்கிப் போயிருந்தால் வெயிலுக்காக யூனிட்டைத் திருப்பி அனுப்பியிருப்போம். எழுதியதைத் தூக்கிப் போட்டுவிட்டுக் கண்முன் இருப்பதை எடுக்கலாம் என்று மத்தியானம் இரண்டு மணிக்கு முடிவு செய்ய ஒருவரையும் கேட்க வேண்டியிருக்கவில்லை, அந்த வசதிக்காகத்தான் நான் இதிலேயே இருக்கிறேன். (அன்றைக்குக் குழுவுக்குச் சூடாகச் சாப்பாடு வாங்கிக் கொடுத்தேன். எங்கே குறைத்தாலும் சாப்பாட்டில் குறைக்காதீர்கள் தம்பி. உங்கள் செலவுக் கணக்கில் ட்ரோனுக்கு 6,000, மூன்று நாள் சாப்பாட்டுக்கு 1,800 என்று இருக்கிறது.)

சென்னைக்குப் போவதா? உதவி இயக்குநராக வேலை கற்றுக்கொள்ள வேண்டும் என்று நிஜமாகவே ஆசை இருந்தால் போங்கள், அது நல்ல வேலை, கடினமான வேலை, வேறு வேலை. திண்ணையில் உட்கார்ந்து அலுத்துவிட்டது என்பதற்காகப் போகாதீர்கள், அங்கே இருப்பதும் திண்ணைதான், வாடகை கூட. சேலத்தில் இருந்து என்ன முடியும் என்று கேட்பவர்களை ஏற்காடு ரோட்டுக்குக் கூட்டிப் போய் மாடர்ன் தியேட்டர்ஸ் வளைவைக் காட்டுங்கள். டி.ஆர். சுந்தரம் தொடங்கிய அந்த ஸ்டுடியோவில் இருந்து நூற்றுக்கும் மேல் படம் வந்தது, தமிழின் முதல் முழு வண்ணப் படம் 1956இல் அங்கிருந்துதான் வந்தது. அது பெரிய ஸ்டுடியோ, நம் நிலைமையோடு ஒப்பிட முடியாது, தெரியும். ஆனால் கேமரா எங்கே இருக்கிறதோ அங்கே சினிமா இருக்கிறது, அந்த மட்டுக்கு அது உண்மை.

அப்பாவிடம் வருஷக் கணக்குச் சொல்லாதீர்கள், காசுக் கணக்கைக் காட்டுங்கள். மாதம் இவ்வளவு எடிட்டிங்கில் வருகிறது, இவ்வளவு வீட்டுக்கு, இவ்வளவு படத்துக்கு, இனி யாரிடமும் கடன் இல்லை என்று எழுதிக் காட்டுங்கள். அப்படிக் காட்ட முடிகிற வரைக்கும் 18 நிமிடப் படம் வேண்டாம், ஆறு நிமிடம் போதும். முதலில் அந்த 40,000ஐ அடைத்துவிடுங்கள்.

அப்புறம் என் வேண்டுதல் ஒன்று. ஆறாவது நிமிட ஷாட்டின் முழு நீளம் உங்கள் ஹார்ட் டிஸ்கில் இருக்கும், அழித்திருக்க மாட்டீர்கள் என்று நம்புகிறேன். வயலின் இல்லாமல், வெட்டாமல், அப்பாயி வாசலைப் பார்ப்பதில் இருந்து மறுபடியும் குனிந்து அடுத்த வளையத்தை எடுக்கிற வரைக்கும் எனக்கு அனுப்புங்கள். சத்தத்தைத் தொடாதீர்கள். அந்த வண்டி சத்தம், பக்கத்துப் பட்டறைச் சத்தம் எல்லாம் இருக்கட்டும். அன்றைக்கு அவர் யாரை எதிர்பார்த்தார் என்று அவரிடமே கேட்டும் எழுதுங்கள். படத்தை எடுத்து முடித்து எட்டு மாதம் ஆகியும் உங்கள் கடிதத்தில் அது இல்லை.

அன்புடன்,
அக்கா