கல்லாவில் இருந்தவர்கள்

அன்புள்ள ஐயா,

ஹார்மனி கொரினின் 'ஸ்பிரிங் பிரேக்கர்ஸ்' (2012) படத்தைக் கல்லூரியில் படிக்கும் என் மகள் ஆகா ஓகோவென்று புகழ்ந்தாள். நானும் பார்த்தேன். அரைகுறை ஆடை, போதை, துப்பாக்கி. கடைசியில் இரண்டு பெண்கள் அத்தனை பேரைச் சுட்டுவிட்டு ஒரு கீறல்கூட இல்லாமல் காரில் போய்விடுகிறார்கள். தண்டனையே இல்லாத இந்தப் படம் இளம்பெண்களைக் கெடுக்காதா? டிஸ்னி தொடர்களில் பார்த்த பிள்ளைகளை இப்படி நடிக்க வைத்தது சரியா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

டிஸ்னி விஷயத்தை விடுங்கள். செலினா கோமசும் வனெஸ்ஸா ஹட்ஜென்ஸும் வயது வந்தவர்கள், தெரிந்துதான் நடித்தார்கள். கேமரா பெண்களின் உடம்பை விட்டு நகர மறுக்கிறது என்பது உண்மை. அது எனக்கும் அலுத்தது.

தண்டனை என்கிறீர்களே, அங்கேதான் எனக்குக் கோபம் வருகிறது. ஆண்கள் கொள்ளையடிக்கும் படங்கள் எத்தனை பார்த்திருப்பீர்கள்! அவன் தப்பிப் போனபோது யாருக்காவது கடிதம் எழுதினீர்களா? பெண்பிள்ளை என்றால் மட்டும் கடைசியில் அழ வேண்டும், இல்லை சாக வேண்டும்.

நானே இந்தப் படத்தைப் பற்றி யோசித்துக்கொண்டுதான் இருந்தேன், அந்த உணவகக் கொள்ளைக்காக. படத்தில் வரும் கல்லூரித் தோழிகளுக்கு ஃப்ளோரிடாவுக்கு விடுமுறை போகக் கையில் காசில்லை. இரண்டு பெண்கள் தண்ணீர்த் துப்பாக்கியும் சுத்தியலுமாக உள்ளே நுழைகிறார்கள். கேமரா கூடப் போவதில்லை, காரை ஓட்டும் மூன்றாமவளோடு தங்கிவிடுகிறது. கார் கட்டடத்தைச் சுற்றி வர, ஜன்னல் ஜன்னலாகத் தெரிகிறது: ஓங்கிய சுத்தியல், பதறும் மனிதர்கள். அங்கிருந்து பார்த்தால் எல்லாம் விளையாட்டு. பிறகு அதைத் தோழியிடம் பெருமையாக நடித்துக் காட்டும்போதுதான் படம் நம்மை உள்ளே கூட்டிப்போகிறது. அப்போதுதான் அந்தக் கத்தலும் பயமும் நம்மை வந்து தொடுகின்றன.

என் நண்பர் ஒருவர் இளவயதில் ஒரு கடையில் ராத்திரி வேலைக்குக் கல்லாவில் உட்கார்ந்தவர். கொள்ளையடிக்க வந்தவர்கள் சின்னப் பையன்கள். கத்தி எப்படி இருந்தது என்று கேட்டால் அவருக்குச் சொல்லத் தெரியாது. ஒருவன் கடைசிவரை சிரித்துக்கொண்டே இருந்ததைத்தான் சொல்வார். வேலையை விட்டுப் பல வருஷம் கழித்தும், எந்த ஓட்டலுக்குப் போனாலும் சுவரில் முதுகைச் சாய்த்து வாசலைப் பார்த்தபடிதான் உட்காருவார். பக்கத்து மேஜையில் யாராவது உரக்கச் சிரித்தால் பேச்சு பாதியில் நின்றுவிடும். நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு, அவரே மறுபடி பேசட்டும் என்று காத்திருப்பேன். சிரித்த அந்தப் பையனுக்கு இதெல்லாம் தெரியவே தெரியாது.

படத்தின் மேல் எனக்குள்ள கோபமும் இதுதான். ஒரே ஒருமுறை உள்ளே போன படம், அந்த மனிதர்களை அப்புறம் திரும்பிப் பார்க்கவே இல்லை. கடைசிக் கொலைகளில் கலர் விளக்கும் முகமூடியும் இருக்கின்றன. இனி நல்லபடியாக இருப்போம் என்று அம்மாவிடம் பேசும் குரல் கேட்கிறது. சாகிறவர்களுக்கு மட்டும் முகமில்லை. கொரின் நம்மை மறுபடி காருக்குள் உட்கார வைத்துவிடுகிறார்.

சரி, மகளிடம் பேசுங்கள். படம் கெட்டதா நல்லதா என்று ஆரம்பிக்காதீர்கள், அந்த உணவகத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் அவளுக்கு நினைவிருக்கிறார்களா என்று கேளுங்கள். இருக்கலாம். உங்கள் கடிதத்தில்தான் அவர்களைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.