5 ரன், ஐம்பது வருஷம்: ஆலன் ஜோன்ஸ்

"கவுன்டி கிரிக்கெட்டில் (இங்கிலாந்து, வேல்ஸின் உள்நாட்டு வட்டார அணிகள் ஆடுவது) அதிகம் பேசப்படாத ஒரு வீரரைச் சொல்லுங்கள்" என்று கேட்டிருக்கிறீர்கள். என் பதில் ஆலன் ஜோன்ஸ். கிளமோர்கன் அணியின் இடதுகை தொடக்க ஆட்டக்காரர். 1938-ல் வேல்ஸில், ஸ்வான்சி பக்கத்தில் பிறந்தவர். 1957-ல் ஆட ஆரம்பித்து 1983 வரை ஒரே கவுன்டி. தம்பி ஐஃபியன் அதே அணியின் விக்கெட் கீப்பர்.

முதல்தர ஆட்டங்களில் (கவுன்டி, டெஸ்ட் போன்ற பல நாள் ஆட்டங்கள்) அவர் எடுத்தது 36,049 ரன், 56 சதம். அதிகாரபூர்வ டெஸ்ட் கணக்கில் பெயர் இல்லாதவர்களில் இவ்வளவு ரன் எடுத்தவர் வேறு யாரும் கிடையாது. "டெஸ்ட்டே ஆடாதவர்" என்று எழுத வந்து நிறுத்திக்கொண்டேன், ஏனென்றால் ஆடினார். சிக்கலே அங்கேதான்.

1970-ல் தென்னாப்பிரிக்கா இங்கிலாந்துக்கு வருவதாக இருந்தது. நிறவெறி அரசின் அணி வரக்கூடாது என்று பெரிய போராட்டம் நடந்து, மே மாதம் பயணம் ரத்தானது. (போராட்டத்தை முன்னின்று நடத்திய இளைஞர் பீட்டர் ஹெய்ன் பின்னாளில் ஸ்வான்சிக்கு அடுத்த ஊரான நீத்தின் எம்.பி. ஆனார். நல்ல வேடிக்கை.) காலியான இடத்தில் அவசரமாக உலக அணி ஒன்றைத் திரட்டினார்கள். கேப்டன் வெஸ்ட் இண்டீஸின் சோபர்ஸ். தென்னாப்பிரிக்க வீரர்களான பேரி ரிச்சர்ட்ஸ், கிரேம் பொல்லாக், புரோக்டர் எல்லாம் உள்ளே. இவை டெஸ்ட் ஆட்டங்கள் என்றே அறிவிப்பு.

ஜூன் 17, லார்ட்ஸ். முதல் ஆட்டத்தில் ஜோன்ஸுக்கு இங்கிலாந்து அணியில் இடம் கிடைத்தது, நாட்டுக்கு ஆடுபவருக்கான தொப்பியும் கொடுத்தார்கள். முதல் இன்னிங்ஸில் 5, இரண்டாவதில் 0. இரண்டு தடவையும் புரோக்டர் பந்து, எஞ்சினியர் கேட்ச். சோபர்ஸ் 21 ரன்னுக்கு 6 விக்கெட் எடுத்து, பேட்டிங்கில் 183 அடித்த ஆட்டம் அது. இங்கிலாந்து முதல் இன்னிங்ஸில் 127-க்குச் சுருண்டது. அதில் ஒரு தொடக்க ஆட்டக்காரரை மட்டும் எப்படிக் குறை சொல்வது? ஆனாலும் அடுத்த ஆட்டத்தில் அவர் பெயர் இல்லை, அப்புறம் கூப்பிடவே இல்லை. பின்னர் அந்தத் தொடர் டெஸ்ட் கணக்கில் சேராது என்று முடிவானது. அதே அணியில் ஆடிய மற்றவர்களுக்கு வேறு டெஸ்ட்கள் இருந்தன. இவருக்கு இருந்த ஒன்றே போய்விட்டது. 2005-ல் ஆஸ்திரேலியா உலக அணியோடு சிட்னியில் ஆடியதை மட்டும் ஐசிசி (சர்வதேச கிரிக்கெட் கவுன்சில்) டெஸ்ட்டாகச் சேர்த்துக்கொண்டது. இந்த நியாயம் எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை.

சரி, இவரைப் பற்றிப் பேசினால் எல்லோரும் இந்தக் கதையோடு நின்றுவிடுகிறார்கள். எனக்குப் பிடித்தது வேறு. 1961 முதல் 1983 வரை ஒரு சீசன்கூட விடாமல் ஆயிரம் ரன்னைத் தாண்டினார். 23 சீசன்! சராசரி 32.89 என்றதும் உதட்டைப் பிதுக்காதீர்கள். அந்தக் காலத்தில் பெரும்பாலும் மழை வந்தால் ஆடுகளத்தை மூடமாட்டார்கள். ஈரம் காயும்போது பந்து என்ன செய்யும் என்று பந்துவீச்சாளருக்கே தெரியாது. அதில் தினமும் புதுப்பந்தை எதிர்கொள்ள இறங்கியவர் இவர்.

1969-ல் கிளமோர்கன் ஒரு ஆட்டம்கூடத் தோற்காமல் கவுன்டி சாம்பியன்ஷிப் வென்றபோது தொடக்க வீரர் இவர்தான். 1972-ல் ஸ்வான்சியில் நார்தாம்ப்டன்ஷயருக்கு எதிராக வெஸ்ட் இண்டீஸின் ராய் ஃபிரெடெரிக்ஸோடு முதல் விக்கெட்டுக்கு 330. அந்த ஆட்டத்தில் ஃபிரெடெரிக்ஸ் மட்டும் ஆட்டமிழக்காமல் 228. யார் அடித்தார், யார் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டார் என்று நான் சொல்லத் தேவையில்லை. அவருடைய அதிகபட்ச ஸ்கோர், ஆட்டமிழக்காத 204, வந்தது 1980-ல், ஹாம்ப்ஷயருக்கு எதிராக. வயது அப்போது 41.

2020 ஜூனில், அந்த லார்ட்ஸ் ஆட்டம் நடந்து ஐம்பது வருஷம் கழித்து, இங்கிலாந்து வாரியம் அவருக்கு மறுபடி ஒரு தொப்பி கொடுத்தது. இங்கிலாந்தின் டெஸ்ட் வீரர் வரிசையில் எண் 696. வயது 81. ஐசிசி பதிவேட்டில் அந்த ஆட்டம் இன்னும் டெஸ்ட் இல்லை. அடுத்த எண்ணான 697-ஐ 2021-ல் வாங்கியவர் டான் லாரன்ஸ். அவர் பிறந்தபோது ஜோன்ஸ் ஓய்வு பெற்றுப் பதினான்கு வருஷம் ஆகியிருந்தது.