ஒரே ராத்திரியில் செத்த பட்டுப்புழுக்கள்

கேள்வி: 'முரை பத்து' என்ற பாட்டுக் குருவிக்குத் தீனியாக வீட்டு அறையில் பட்டுப்புழு வளர்க்கிறேன். இரண்டு வாரம் நன்றாகத் தின்றன. போன வாரம் ஒரு சாயங்காலம் தலையை ஆட்டி, பச்சையாகக் கக்கி, உடம்பு சுருங்கி, விடிவதற்குள் இருநூறும் செத்துவிட்டன. என்ன நோய்? மல்பெரி இலை லயத்துச் சாக்கடையோரம் பறித்தது. அடுத்த புழு வளரும்வரை செம்பனை மட்டையில் தொங்கும் பைப்புழுவைக் குருவிக்குப் போடலாமா? (ஊத்தான் மெலிந்தாங் வாசகர்)

பதில்: ஐயா, இது நோய் மாதிரித் தெரியவில்லை. பால் நோய் வந்தால் புழு உப்பி, தோல் பளபளத்து, கிழிந்த இடத்தில் பால் போல நீர் வடியும். அதுவும் இங்கொன்று அங்கொன்றாகச் சில நாள் இழுக்கும். தலையை ஆட்டிக் கக்கிச் சுருங்கி, ஒரே ராத்திரியில் மொத்தமாகப் போனால் அது பூச்சிமருந்து.

மருந்து எங்கிருந்து வந்தது? என் முதல் சந்தேகம் அந்தச் சாக்கடையோரச் செடி. டிங்கிக்காகப் புகையடிக்கும்போது முதலில் நனைவது அதுதான். அடுத்தது, அதே அறையில் கொசுவத்தி கொளுத்தினீர்களா? நமக்கு அது வெறும் வாசம், பட்டுப்புழுவுக்கு எமன். எறும்புக்குக் கோடு போடும் சாக்பீஸும் அப்படியே. எறும்பு வராமல் இருக்க மேசைக்கால்களைத் தண்ணீர்க் கிண்ணத்தில் நிறுத்துங்கள், போதும். செத்த புழுவை மட்டும் குருவிக்கோ கோழிக்கோ போட்டுவிடாதீர்கள்.

பைப்புழுவும் வேண்டாம். 2013-இல் மலேசிய அரசாங்கமே அதை ஆபத்தான பூச்சி என்று அறிவித்தது. அதை ஒழிக்கத் தோட்டங்களில் செம்பனைத் தண்டில் துளை போட்டு மருந்து ஏற்றுவதுண்டு. அந்த மட்டையைத் தின்ற புழுவின் வயிற்றில் என்ன இருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

மறுபடி தொடங்குமுன் வீட்டுக் கொல்லையில் இரண்டு மல்பெரிக் குச்சி நடுங்கள். நம் மண்ணில் சுலபமாக வேர்விடும். புது இலையை முதலில் பத்துப் புழுவுக்கு மட்டும் போட்டு ஒரு நாள் பாருங்கள். மழையில் நனைந்த இலையைத் துடைத்துக் காயவைத்துப் போடுங்கள். ஈர இலை, புழுங்கும் அறை, இரண்டும் சேர்ந்தால் அப்புறம் நிஜமாகவே நோய் வரும். 24 முதல் 28 டிகிரி வெப்பம் புழுவுக்குச் சுகம். தகரக் கூரைக்கு நேர் கீழே மத்தியானம் தாங்காது, தட்டைத் தரையோரம் இறக்கி வையுங்கள்.

இன்னொன்று, தலையைத் தூக்கியபடி ஆடாமல் அசையாமல் ஒரு நாள் தின்னாமல் இருந்தால் பயந்து தூக்கி எறியாதீர்கள். அது தோலுரிக்கும் தூக்கம். புழு பெரிதாவதற்குள் நாலு முறை அப்படி வரும்.

இரண்டு செடி பத்துமா என்பீர்கள். பட்டுக்கு வளர்ப்பவர்கள்தான் இலைக்கு அலைவார்கள். ஒரு புழு வாழ்நாளில் தின்னும் இலையில் நூற்றுக்கு எண்பது பங்குக்கு மேல் கடைசிப் பருவத்தில்தான், அதாவது நாலாவது தோலுரிப்புக்குப் பிறகு. உங்கள் குருவிக்கு அவ்வளவு பெரிய புழு தேவையே இல்லை. மூன்றாவது தோலுரித்ததுமே எடுத்துப் போடத் தொடங்குங்கள், இலைச்செலவு பெரிதும் மிஞ்சும். இருபதை மட்டும் கூடு கட்ட விட்டுவிடுங்கள். ஒரு தாய் அந்துப்பூச்சி நானூறு, ஐந்நூறு முட்டை இடும். முட்டை வாங்கும்போது, குளிரில் வைக்காமலே பொரிக்கும் இனமா என்று கேட்டு வாங்குங்கள். சில இனம் குளிர் காட்டாமல் பொரிக்காது.

முரை பத்துக்கு பெர்ஹிலித்தான் (வனவிலங்குத் துறை) லைசென்ஸ் எடுத்துவிட்டீர்கள்தானே?