மயனின் 14 மாதங்கள்

அன்புள்ள ஐயா,

கிருஷ்ணகிரி மாவட்டம் மத்தூரிலிருந்து எழுதுகிறேன். அசுரர்களின் சிற்பியான மயனை நாயகனாக வைத்து ஒரு ஃபேண்டஸி நாவல் எழுதி வருகிறேன். கதை நடப்பது வேறொரு உலகத்தில். அங்கே மயன் கிழவன், ஊர் ஒதுக்கி வைத்தவன். அசுரர்களுக்குத் திரிபுரம் கட்டினான், பிறகு பாண்டவர்களுக்குச் சபை கட்டினான், அந்தச் சபையால் சூதும் போரும் வந்தன. அதை நினைத்து அவன் தவிப்பதாக எழுதியிருக்கிறேன். நண்பர்கள் படித்துவிட்டு, ‘இவன் பச்சோந்தி, இவன் எப்படி நாயகன்?’ என்கிறார்கள். மயன் நல்லவனா, கெட்டவனா? இப்படிப்பட்ட கதைக்குப் பழந்தமிழ் நடை வேண்டுமா? பதிப்பகத்துக்கு எப்போது அனுப்பலாம்? முதல் அத்தியாயத்தை இணைத்திருக்கிறேன்.

க., மத்தூர்

அன்புள்ள க.,

பதிப்பகம் கிடக்கட்டும். நடையைப் பற்றி நாவலை முடித்துவிட்டுக் கேளுங்கள். மகாபாரதத்தின் சபா பருவத்தைத் திரும்பப் படித்துக்கொண்டிருக்கும்போது உங்கள் கடிதம் வந்தது. இல்லாவிட்டால் பதில் எழுதியிருக்க மாட்டேன்.

உங்கள் நண்பர்கள் மயன் கதையைத் தொலைக்காட்சியில் பார்த்தவர்கள் போலிருக்கிறது. காண்டவ வனம் எரிகிறது. நாகர் தலைவன் தட்சகன் இருப்பிடத்திலிருந்து மயன் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடி வருகிறான். கிருஷ்ணன் சக்கரத்தை ஓங்கிவிட்டான். அர்ச்சுனன் அபயம் கொடுத்ததால் பிழைக்கிறான். பிழைத்தவன் போய்விடவில்லை, கைம்மாறு செய்தே தீருவேன் என்று நிற்கிறான். அர்ச்சுனன் வேண்டாம் என்கிறான். கடைசியில் கிருஷ்ணன்தான், தருமனுக்கு ஒரு சபை கட்டு என்கிறான். வீடு வாசல் எரிந்துபோனவன் தனக்குத் தெரிந்த தொழிலால் கடன் அடைக்கிறான். இது பச்சோந்தி வேலையா?

துரியோதனன் பளிங்கைத் தண்ணீர் என்று நினைத்து ஆடையைத் தூக்கினான், தண்ணீரைத் தரை என்று நினைத்து விழுந்தான். தரை சிரிக்கவில்லை, பீமன் சிரித்தான். பீமனைக் கேட்க வேண்டியதைக் கொத்தனாரிடம் கேட்காதீர்கள். போர்ப் பாவத்தை அத்தோடு விட்டுவிடுங்கள்.

இப்போது உங்கள் அத்தியாயம். மயன் பெருமூச்சு விடுகிறான், நிலவைப் பார்க்கிறான், ‘இந்தக் கைகளா!’ என்று அழுகிறான். அழட்டும். ஆனால் அந்தக் கை ஓர் உளியையாவது தொட்டதா? ஒரு தூக்குக்குண்டு உண்டா, ஒரு கயிறு உண்டா? விரலைச் சொடுக்கினால் கோபுரம் எழும்புகிறது. ஐயா, மாயத்துக்கே பேர்போன அசுரன் அவன். அவனுக்கே அந்தச் சபையைக் கட்ட 14 மாதம் ஆனது என்கிறார் வியாசர். அதற்கும் முன்னால் வடக்கே பிந்துசரஸ் ஏரிவரை போய், அசுர மன்னன் விருஷபர்வனிடம் இருந்த சரக்கையெல்லாம் எடுத்து வருகிறான். சொடுக்கினால் வேலை முடியும் என்றால் சரக்கெடுக்க எதற்கு அவ்வளவு தூரம்?

உங்களுக்குப் பக்கத்திலேயே அதியமான் ஆண்ட தகடூர், இன்றைய தருமபுரி, இருக்கிறது. அதியமான் எப்பேர்ப்பட்டவன் என்று பகைவருக்குச் சொல்ல வந்த ஔவையார் எதைச் சொன்னார்? ‘வைகல் எண்தேர் செய்யும் தச்சன் திங்கள் வலித்த கால்அன் னோனே.’ புறநானூறு 87. ஒரே நாளில் எட்டுத் தேர் செய்யக்கூடிய தச்சன், ஒரு மாதம் உட்கார்ந்து ஒரு சக்கரத்தை மட்டும் செய்தால் எப்படியிருக்குமோ, அப்படி. ஔவை ஏதோ ஒரு தச்சுப்பட்டறையில் உட்கார்ந்து பார்த்திருக்க வேண்டும். நீங்களும் உட்கார வேண்டும்.

போச்சம்பள்ளிப் பக்கம் என் தாய்மாமன் ஊரில் திரௌபதி அம்மன் கோயிலில் பாரதம் வைப்பார்கள், பாரதக் கதை சொல்லிக் கூத்தாடும் திருவிழா. கடைசி நாள் படுகளம், துரியோதனன் சாகும் காட்சி. தரையில் மல்லாந்து கிடக்கும் மண் துரியோதனனைச் செய்ய ஒரு கிழவர் வருவார். நாற்பது அடிக்குக் குறையாத உருவம். மற்ற உடம்பெல்லாம் ஆட்கள் மண் கொட்டி மிதித்து ஏற்றிவிடுவார்கள். தொடை மட்டும் அவர் கை. குங்குமத் தண்ணீர் ஊற்றி வாய் கட்டின பானையைத் தொடைக்குள் புதைத்து, மேலே எத்தனை விரற்கடை மண் என்று அளந்து பூசுவார். மண் கனத்தால் பீமன் வேஷக்காரர் எத்தனை அடித்தாலும் பானை உடையாது, ஊர் சிரிக்கும். மெலிந்தால் வெயில் ஏறியதும் வெடிப்பு விட்டு, அடி விழும் முன்பே ஒழுகிவிடும். ராத்திரி முழுக்க அந்தப் பக்கம் கூத்து நடக்கும். இவர் அடிக்கடி எழுந்துவந்து தொடைமேல் போட்ட சாக்கை நனைத்துவிட்டுப் போவார். காலையில் பீமனின் கதாயுதம் விழுந்ததும் பானை உடையும், திரௌபதி வேஷக்காரர் அந்தச் சிவப்பைத் தொட்டுக் கூந்தலை முடிப்பார். அப்புறம் ஜனங்கள் மண்ணை அள்ளிக்கொண்டு போய்விடுவார்கள்.

கோயில் மரியாதைத் தகராறில் பக்கத்து ஊர் பிரிந்துபோய்த் தனியாகப் பாரதம் வைத்தது. கிழவர் அங்கேயும் போய்த் துரியோதனன் செய்து கொடுத்தார். துரோகி என்று மாமா ஊரில் கூலியை நிறுத்திவிட்டார்கள். டீக்கடையில் மாமா நேருக்கு நேராகவே கேட்டார். “ரெண்டு ஊர்லயும் துரியோதனன் சாவணுமா வேணாமா?” என்றார் கிழவர், பீடியைப் பற்றவைத்துக்கொண்டே.

அவரை மகான் ஆக்க எனக்கு ஆசையில்லை. குடிப்பார். கூட வேலை செய்த பையன்களைக் கை நீட்டி அடிப்பார். தொடை வேலையை மட்டும் யாருக்கும் சொல்லித்தரவில்லை, பெற்ற மகனுக்குக்கூட. பானை வைக்கும் நேரத்தில் எல்லோரையும் விரட்டிவிடுவார். அவர் போன பிறகு அங்கே தொடையில் பானை வைப்பதில்லை, சிவப்புத் தண்ணீரைக் குடத்தில் கொண்டுவந்து ஊற்றுகிறார்கள். இரண்டு ஊருக்கு வேலை செய்ததில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. இதை மட்டும் என்னால் மன்னிக்க முடியவில்லை.

மயன்மேல் வழக்குப் போட வேண்டுமானால் இங்கே போடுங்கள். கிருஷ்ணன் சபை கேட்டபோது ஒரு நிபந்தனையும் வைத்தான்: மனிதர் எவரும் பார்த்து இன்னொன்று செய்ய முடியாதபடி இருக்க வேண்டும். மயன் மகிழ்ச்சியோடு ஒப்புக்கொண்டான். ஆனால் ஸ்தபதிகளைக் கேளுங்கள், மயமதம் என்ற சிற்பநூலே அவன் தந்தது என்பார்கள். யாரும் பார்த்துச் செய்ய முடியாததைக் கட்டினவன், எல்லோரும் பார்த்துச் செய்வதற்கான நூலைத் தந்திருக்கிறான். நடுவில் அவனுக்கு என்ன ஆனது? உங்கள் கிழவன் அங்கேதான் இருக்கிறான். நிலவைப் பார்க்கிற கிழவனை எனக்குத் தெரியாது.

ஆகவே முதல் அத்தியாயத்தைத் தூக்கிப் போடுங்கள். மத்தூர்ப் பக்கம் எந்த ஊரில் பாரதம் வைக்கிறார்கள் என்று விசாரித்து, படுகளத்துக்கு முந்தின நாளே போய்விடுங்கள். கூத்தைப் பிறகு பார்க்கலாம். மண் கொட்டுகிற இடத்தில் நில்லுங்கள், விரட்டினாலும் நகராதீர்கள். எழுதினால் அந்த 14 மாத அத்தியாயத்தை மட்டும் அனுப்புங்கள், படிக்கிறேன்.