சினிமா எடிட்டர் ஆக சாஃப்ட்வேர் கற்றுக்கொண்டால் போதுமா?

பி.காம். முடித்திருக்கிறேன், பிரீமியர் எடிட்டிங் சாஃப்ட்வேர் நன்றாகத் தெரியும், சினிமாவில் எடிட்டர் ஆகலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். தாராளமாக ஆகலாம். ஆனால் சாஃப்ட்வேரை ஆறு மாதத்தில் யாரும் கற்றுக்கொண்டுவிடலாம். ரஷ், அதாவது படப்பிடிப்பில் எடுத்து இன்னும் வெட்டாத காட்சிகளைப் பார்க்கக் கற்றுக்கொள்ளத்தான் வருஷக்கணக்காகும். சாலிகிராமத்தில் ஓர் எடிட்டரிடம் ஆறு வருஷம் உதவியாளராக இருந்தவன் என்ற முறையில் சொல்கிறேன்.

முதல் வருஷம் முழுக்க எனக்கு சிங்க் பண்ணும் வேலைதான். படமும் ஒலியும் தனித்தனியாக வரும். கிளாப் கட்டை மூடுகிற ஃபிரேமைப் பிடித்து, ஒலியில் அந்தச் சத்தம் எழும் இடத்தோடு சேர்க்க வேண்டும். நொடிக்கு 24 ஃபிரேம். இரண்டு மூன்று தள்ளிப்போனாலே உதடும் வசனமும் ஒட்டாது. ஒருமுறை ஒரு நாள் ரஷ்ஷை இன்னொரு ஹார்ட் டிஸ்கில் காப்பி எடுக்காமல் விட்டுவிட்டேன். மறுநாள் அந்த டிஸ்க் திறக்கவே இல்லை. டேட்டாவை மீட்டுத் தரும் வரை இரண்டு நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. அதற்குப் பிறகு மூன்று காப்பி எடுக்காமல் மெமரி கார்டைத் திருப்பிக் கொடுத்ததில்லை.

சலிப்பான வேலைதான். ஆனால் வேண்டாமென்று ஒதுக்கிய டேக்குகளையும் கடைசி வரை பார்க்க வைக்கிற வேலை அது. ஒரு அம்மா, மகன் சண்டைக் காட்சி. ஓகே டேக்கில் மகன் பேசி முடித்ததும் அம்மாவின் முகம் வெறுமையாக இருந்தது. "சார், ரெண்டாவது டேக்ல டைரக்டர் கட் சொன்னப்புறம் அவங்க குனிஞ்சு முந்தானையைச் சரி பண்ணுவாங்க" என்றேன். எடிட்டர் போட்டுப் பார்த்தார். நடிப்பே இல்லாத அந்த இரண்டு நொடிதான் படத்தில் இருக்கிறது. தியேட்டரில் அந்த இடத்தில் பக்கத்து சீட்டுக்காரர் பெருமூச்சு விட்டதை இன்னும் மறக்கவில்லை.

அப்புறம் எடுத்த காட்சியைப் படப்பிடிப்புத் தளத்திலேயே வெட்டிப் பார்க்கிற ஸ்பாட் எடிட்டிங், பிறகு அசோசியேட் எடிட்டர், பிறகு யாராவது நம்பித் தருகிற முதல் படம். முதல் எட்டு மாதம் எனக்கு பேட்டா மட்டும்தான், அதனால் கையில் கொஞ்சம் சேமிப்போடு வாருங்கள். முறையாகப் படிக்க நினைத்தால் தரமணி எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட நிறுவனத்திலும் புனே திரைப்படக் கல்லூரியிலும் எடிட்டிங் தனிப் பாடமாகவே இருக்கிறது. பி.காம். ஒரு குறையே இல்லை. பல தேசிய விருதுகள் வாங்கிய ஸ்ரீகர் பிரசாத் படித்தது இலக்கியம். தொழிலைக் கற்றது எடிட்டரான தன் அப்பாவிடம்.

இப்போதைக்கு ஒன்று செய்யுங்கள். குறும்படம் எடுத்த நண்பரிடம் ரஷ்ஷை வாங்கி, ஒரே காட்சியை இரண்டு விதமாக வெட்டுங்கள். ஒன்றில் பேசுகிறவர் முகம், இன்னொன்றில் கேட்கிறவர் முகம். எடிட்டரிடம் வேலை கேட்டுப் போகும்போது, பாட்டுக்குத் துண்டு துண்டாக வெட்டிய ஷோ ரீலை (திறமையைக் காட்டும் மாதிரி வீடியோவை) வீட்டில் வைத்துவிட்டு இந்த இரண்டையும் கொண்டுபோங்கள்.