கர்னல் நீல் யார்? அவருடைய சிலையைச் சென்னை மவுண்ட் ரோட்டிலிருந்து ஏன் எடுத்தார்கள்?

எனக்குச் சொந்த ஊர் கடலூர். சுதந்திரப் போராட்ட வீராங்கனை அஞ்சலையம்மாள் பிறந்த ஊர். 1927-இல் மவுண்ட் ரோட்டில் நின்ற நீல் சிலையை உடைக்கப் போய் அவர் சிறை சென்றார் என்று சின்ன வயதிலேயே கேட்டிருக்கிறேன். ஒன்பது வயது மகள் அம்மாக்கண்ணுவையும் கூட்டிக்கொண்டு போனார். அந்தப் பெண்ணுக்குத்தான் காந்தி பிறகு லீலாவதி என்று பெயர் வைத்தார். பெற்ற பிள்ளையோடு போய் உடைக்கிற அளவுக்கு அந்தச் சிலைக்காரன் என்ன செய்தான் என்று தேடித்தான் நீலைப் பற்றிப் படிக்க ஆரம்பித்தேன்.

ஜேம்ஸ் ஜார்ஜ் ஸ்மித் நீல், 1810-இல் ஸ்காட்லாந்தில் பிறந்தவர். 1827-இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் சென்னைப் படையில் சேர்ந்தார். இரண்டாம் பர்மியப் போருக்குப் போனார், கிரிமியப் போரின்போது துருக்கிப் படைப்பிரிவில் வேலை பார்த்தார். 1857 வரை பெரிய பெயர் ஒன்றும் இல்லை. அந்த மே மாதம், வடக்கே சிப்பாய்கள் எழுந்த செய்தி வந்ததும், மதராஸ் ஃப்யூசிலியர்ஸ் என்ற வெள்ளைக்காரப் படையோடு கப்பலில் கல்கத்தா போய் இறங்கினார். ஹவுராவில் ரயில் புறப்படும் நேரம். இவருடைய ஆட்கள் இன்னும் வந்து சேரவில்லை. ரயில் காத்திருக்காது என்றார் ஸ்டேஷன் மாஸ்டர். அவரையும் என்ஜின் டிரைவரையும் காவலில் வைத்துவிட்டு, தன் ஆட்கள் ஏறி முடித்த பிறகுதான் வண்டியை விட்டார் நீல். இந்தச் சம்பவத்துக்காக இங்கிலாந்தில் அவரைக் கொண்டாடினார்கள்.

அடுத்து நடந்ததைத் தேதி வைத்துப் பார்க்க வேண்டும். ஜூன் 4 காசி. ஜூன் 11 அலகாபாத். இரண்டு இடத்திலும் விசாரணை என்று சொல்லத்தக்க எதுவும் இல்லாமல் தூக்கு. சுற்று வட்டாரக் கிராமங்களுக்குத் தீ. ஜூன் 30 அன்று மேஜர் ரெனாட் தலைமையில் கான்பூருக்கு ஒரு படையை முன்னால் அனுப்பியபோது கையில் எழுத்து மூலமான உத்தரவையும் கொடுத்தார். குறித்துக் கொடுத்த சில கிராமங்களை அழித்து, அங்குள்ள ஆண்கள் அத்தனை பேரையும் கொல்ல வேண்டும் என்று அதில் இருந்தது.

கான்பூரில் பீபிகர் என்ற வீட்டில் ஆங்கிலேயப் பெண்களும் குழந்தைகளுமாகச் சுமார் இருநூறு பேர் கொல்லப்பட்டது ஜூலை 15. மன்னிக்கவே முடியாத கொடுமை அது. ஆனால் 'அதைப் பார்த்து வெறிபிடித்துத்தான் நீல் அப்படி நடந்துகொண்டார்' என்று இன்றும் சிலர் எழுதுகிறார்கள். காசியும் அலகாபாத்தும் அதற்கு ஒரு மாதம் முந்தியவை! பீபிகருக்கு வந்தபின் இவர் செய்தது வேறு. பிடிபட்டவர்களைத் தூக்கிலிடும் முன், அந்த வீட்டுத் தரையில் உறைந்த ரத்தத்தில் ஆளுக்குக் கொஞ்சம் இடத்தைச் சுத்தம் செய்ய வைத்தார். மறுத்தால் கசையடி. ஒருவரை நாக்கால் நக்க வைத்தார்கள். சாதியையும் மதத்தையும் சேர்த்துக் கெடுக்க வேண்டும் என்பதுதான் நோக்கம். இதை மறைக்கவில்லை, தானே எழுதி வைத்திருக்கிறார்.

மேலதிகாரி ஹேவ்லாக்கோடும் ஒத்துப்போகவில்லை. நான் இருக்கும்போது நீங்கள் ஒரு உத்தரவுகூடப் போடக் கூடாது என்று ஹேவ்லாக் அவரிடம் நேரிலேயே சொன்னார். செப்டம்பர் 25 அன்று லக்னோவுக்குள் நுழையும்போது ஒரு வளைவு வாசல் அருகே தலையில் குண்டு பாய்ந்து நீல் இறந்தார். வயது 47.

சென்னைப் படைக்காரர் என்பதால் இங்கே வெண்கலச் சிலை வைத்தார்கள். வங்காளத்தில் கலக வெள்ளத்தை முதலில் தடுத்தவர் என்று அதில் புகழ்மொழி. அறுபது வருடத்துக்கு மேல் யாரும் தொடவில்லை. 1927 ஆகஸ்டில் திருநெல்வேலி சோமயாஜுலு முன்னின்று சத்தியாக்கிரகம் தொடங்க, தொண்டர்கள் சுத்தியலும் கோடரியுமாக வந்து அடித்துவிட்டுத் தப்பி ஓடாமல் கைதானார்கள். அடிபட்டும் சிலை அங்கேயேதான் நின்றது. 1937-இல் ராஜாஜி அமைச்சரவை வந்த பிறகுதான் சாலையை விட்டு எடுத்தார்கள்.

இப்போது எழும்பூர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. உருக்கியிருக்க வேண்டும் என்று சிலர் சொல்வதை நான் ஏற்கமாட்டேன், இருக்கட்டும். ஆனால் பக்கத்தில் ஒரு பலகை வைத்து, அலகாபாத்தில் நடந்ததையும் சுத்தியலோடு வந்த அந்த அம்மாவின் பெயரையும் அவர் மகளின் பெயரையும் தமிழில் எழுத வேண்டும்.